கடைப் பலகையில் ‘அரண்மனைக்காரன் தெரு’ என்று எழுதலாமா?

பைண்டிங் கடை

பாரிமுனையிலிருந்து அந்தோணியார் கோயிலுக்குப் போகிற தெருவில் எங்களுக்கு ஒரு சின்ன புத்தக பைண்டிங் கடை இருக்கிறது. தெருவின் பெயரை இப்போதைக்குச் சொல்லவில்லை, பிரச்சினையே அதுதான்.

தாத்தா ஆரம்பித்த கடை. ஹைகோர்ட் பக்கத்திலேயே இருப்பதால் பாதி வேலை வக்கீல்களுடையது. காலிகோ துணி, பசையில் பூச்சி வராமலிருக்கக் கொஞ்சம் மயில்துத்தம், முதுகில் தங்க எழுத்து. மெட்ராஸ் லா ஜர்னல் கட்டுக் கட்டாக வரும். ஊர்ப்பெயரை 1996-ல் சென்னை என்று மாற்றி இத்தனை வருஷம் ஆகியும் நான் முதுகில் அடிக்கிற எழுத்து மெட்ராஸ்தான். கோர்ட்டே இன்னும் மெட்ராஸ் ஹைகோர்ட்டாகத்தானே இருக்கிறது.

போன மழையில் தாத்தா காலத்துத் தகரப் பலகை கழன்று விழுந்துவிட்டது. நல்லவேளை, ஒரு சைக்கிளின் மட்கார்டோடு போயிற்று. நீலத்தில் வெள்ளை எழுத்து: ‘ஆர்மீனியன் ஸ்டிரீட், மதறாஸ்-1’. புதுப் பலகைக்கு ஆர்டர் கொடுத்திருக்கிறேன். தமிழ்தான் பெரிதாக இருக்க வேண்டும்; தமிழுக்கு ஐந்து பங்கு, ஆங்கிலத்துக்கு மூன்று, வேறு மொழி இருந்தால் அதற்கு இரண்டு என்று கணக்கு. அதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனால் அந்த ஐந்து பங்கில் தெருப் பெயரை என்னவென்று எழுதுவது?

என் தாய்மாமா 1965 இந்தி எதிர்ப்புப் போராட்டத்தில் கல்லூரி மாணவர். அடிபட்ட முழங்கையை இன்றைக்கும் சட்டையை மடித்துக் காட்டுவார். “நம் ஜனங்கள் நூறு வருஷமாக அரண்மனைக்காரன் தெரு என்று சொல்கிறார்கள். வேற்று நாட்டான் பெயர் நமக்கு எதற்கு? தமிழில் எழுதுடா” என்கிறார். என் மகன் பி.ஏ. வரலாறு படிக்கிறான், ஞாயிற்றுக்கிழமை ஆனால் பழைய கட்டடங்களைச் சுற்றுகிற கூட்டத்தோடு கிளம்பிவிடுவான். அவன் சொல்வது: “இந்தத் தெருவில் என்றைக்கு அரண்மனை இருந்தது தாத்தா? ஆர்மீனியன் என்பதைச் சொல்லத் தெரியாமல் வந்த உளறல் அது. உளறலைப் பலகையில் ஏற்றலாமா?” உளறல் என்ற வார்த்தை வந்ததும் மாமா செருப்பைப் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார். பத்து நாளாகக் கடைப் பக்கம் வரவில்லை. அவர் வந்தால்தான் எனக்கு மத்தியானம் கல்லாவில் உட்கார ஆள்.

பலகை டிசைன் செய்கிற பையனுக்கு இதெல்லாம் கவலையில்லை. “மேப்பில் ஆர்மீனியன் ஸ்டிரீட்னுதான் வரும் சார், அதையே போடுங்க” என்கிறான்.

வெள்ளிக்கிழமைக்குள் சொல்ல வேண்டும். விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கொடுங்கையூரான்

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? உங்கள் மாமா சொல்வதுதான் சரி. மவுண்ட் ரோட்டில் நீல் என்று ஒரு வெள்ளைக்கார அதிகாரிக்குச் சிலை இருந்தது. 1857-ல் அலகாபாத் பக்கம் ஊர் ஊராகத் தூக்கில் தொங்கவிட்டவன். அந்தச் சிலையை எடுக்கச் சொல்லி 1927-ல் நம் ஆட்கள் சுத்தியலோடு போய் ஜெயிலுக்குப் போனார்கள். 1937-ல் ராஜாஜி மந்திரிசபை வந்த பிறகுதான் எடுத்தார்கள். ஒரு சிலைக்கே பத்து வருஷம். பெயர்கள் இன்னும் அப்படியே நிற்கின்றன. கவர்னர் மன்றோ இன்னும் சிலையாகக் குதிரையில் உட்கார்ந்திருக்கிறார். உங்கள் கடைப் பலகையிலாவது தமிழ் இருக்கட்டும்.

ஓய்வுபெற்ற தபால்காரன்

கடைக்காரத் தம்பிக்கு. உங்கள் தெரு என் பீட்டில் இருந்தது. ஒன்பது வருஷம் அந்தப் பக்கம் பை தூக்கியிருக்கிறேன். மயில்துத்தம் போட்ட பசை வாடை என்றதும் எந்தக் கடை என்றுகூட ஓரளவு யூகிக்க முடிகிறது. சொல்ல மாட்டேன்.

முதலில் ஒன்று. விலாசம் எழுதுகிறவர்கள் யாரும் உங்கள் மாமாவையோ மகனையோ கேட்டு எழுதுவதில்லை. ஆர்மீனியன் தெரு, அரண்மனைக்காரத் தெரு, அரண்மனைக்காரன் தெரு, அரமனைத் தெரு என்று எல்லா விதத்திலும் எனக்குத் தபால் வந்திருக்கிறது. ஒருமுறை திருநெல்வேலிப் பக்கமிருந்து ஒரு இன்லண்ட் லெட்டர், ‘ஆறுமணிக்காரன் தெரு’ என்று. சார்டிங்கில் உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்தார்கள். எனக்கு மட்டும் சட்டென்று பிடிபட்டது. அந்த ஆர்மீனியன் சர்ச் மணிக்கூண்டில் நிஜமாகவே ஆறு மணிகள் உண்டு. எழுதியவருக்கு அது தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை. இருந்தாலும் கடிதம் போய்ச் சேர்ந்தது. 600001 என்று பின்கோடு போட்டிருந்தால் நீங்கள் என்ன எழுதினாலும் என் பையில் வந்து விழும். 1972-க்கு முன்னால், அதாவது பின்கோடு வருவதற்கு முன்னால், உங்கள் தாத்தா எழுதிய ‘மதறாஸ்-1’ அதே வேலையைச் செய்தது.

ஒரு தெருவுக்குப் பெயர் மாற்றினால் எங்களுக்கு ஒரு சுற்றறிக்கை வரும். இடது பக்கம் பழைய பெயர், வலது பக்கம் புதிய பெயர். நான் தனியாக ஒரு நோட்டுப் போட்டு எழுதி வைத்திருந்தேன். அந்த நோட்டைப் புரட்டினால் யார் ஆட்சிக்கு வந்தார்கள், யாரைச் சமாதானப்படுத்த வேண்டியிருந்தது என்பதெல்லாம் தெரியும். ஆனால் எந்தப் பெயர் ஜனங்கள் வாயில் ஒட்டும், எது ஒட்டாது என்று மட்டும் தெரியாது. கடற்கரை ஓரத்து ஃபர்ஸ்ட் லைன் பீச் ராஜாஜி சாலை ஆயிற்று, அது ஒட்டிக்கொண்டது. அதற்குப் பின்னாலிருக்கிற செகண்ட் லைன் பீச் இன்றைக்கும் செகண்ட் லைன் பீச்தான். துறைமுகம் வந்து கடல் எங்கேயோ போய்விட்டது, பெயரில் மட்டும் பீச். பிராட்வே பிரகாசம் சாலை ஆயிற்று. ஆனால் பஸ் கண்டக்டர் “பிராட்வே எறங்கு” என்று கத்துகிற வரைக்கும் பிரகாசம் சாலைக்கு வாய்ப்பில்லை.

அந்தப் பிரகாசத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 1928-ல் சைமன் கமிஷனை எதிர்த்து, துப்பாக்கிக்கு முன்னால் இந்தப் பாரிமுனையில் நெஞ்சைக் காட்டி நின்றவர். அதே மனிதர் பிற்பாடு மதராஸ் ஆந்திராவுக்கு வேண்டும் என்றார். பொட்டி ஸ்ரீராமுலு மயிலாப்பூரில் உண்ணாவிரதமிருந்து 1952 டிசம்பரில் செத்தது தனி ஆந்திராவுக்காகத்தான். அந்தக் கோரிக்கையில் மதராசும் சேர்ந்திருந்தது. இந்தப் பக்கம் ம.பொ.சி. ‘தலையைக் கொடுத்தேனும் தலைநகரைக் காப்போம்’ என்றார். கடைசியில் ஊர் நம்மிடம் நின்றது. ஊரைக் கேட்டவர் பெயரை நாமே தெருவுக்கு வைத்திருக்கிறோம். எனக்கு அதில் ஒரு பெருமைகூட உண்டு.

கொடுங்கையூர் தம்பிக்கும் ஒன்று சொல்ல வேண்டும். ‘சென்னை’ என்பதே எங்கிருந்து வந்தது? 1639-ல் கம்பெனிக்காரனுக்கு இந்த மணல் திட்டைக் கொடுத்தவர் வேங்கடாத்ரி நாயக்கர். அவர் அப்பா சென்னப்ப நாயக்கர் பெயரில் சென்னப்பட்டணம். தெலுங்குக் குடும்பம். மதராசபட்டினம் என்ற குப்பம் வெள்ளைக்காரன் வருவதற்கு முன்னாலேயே இங்கே இருந்தது. 1996-ல் வெள்ளைக்காரப் பெயரை எடுத்துத் தமிழ்ப் பெயர் வைத்தோம் என்று பட்டாசு வெடித்தார்கள். நானும் மிட்டாய் வாங்கிச் சாப்பிட்டேன். கணக்குப் பார்த்தால் உள்ளூர்க் குப்பத்தின் பெயரை எடுத்துவிட்டு நாயக்கரின் அப்பா பெயரை வைத்திருக்கிறோம். மாற்றியது தப்பு என்று சொல்ல வரவில்லை. சென்னை என்ற சொல் ரொம்ப காலமாக நம் வாயில் இருந்தது, அதனால்தான் அது நின்றது.

வெட்டிச் சரிசெய்கிறேன் என்று போனால் என்ன ஆகும் என்பதற்குத் தி.நகரில் ஒரு சாலை இருக்கிறது. ஜஸ்டிஸ் கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவரான டி.எம். நாயர் பெயரில் டாக்டர் நாயர் சாலை. எம்.ஜி.ஆர். ஆட்சியில் தெருப் பெயர்களிலிருந்து சாதிப் பட்டங்களை எடுக்கச் சொன்னார்கள். நல்ல எண்ணம்தான். பலகை எழுதுகிறவர் நாயரை அழித்தார், டாக்டர் சாலை என்று ஆகிவிட்டது. எந்த டாக்டர்? பார்ப்பனரல்லாதாருக்குப் பங்கு கேட்டுச் சண்டை போட்டவரைச் சாதி ஒழிப்பின் பெயராலேயே துடைத்துவிட்டோம். அந்தச் சாலையில் ஒரு கிளினிக் தேடி அலைந்த பெரியவர் ஒருவரை எனக்குத் தெரியும்.

எங்கள் பக்கத்திலேயே வால்டாக்ஸ் ரோடு. ஹைதர் அலி குதிரைப்படை வந்துபோன பயத்தில் கம்பெனிக்காரன் கறுப்பர் பட்டணத்தை, அதாவது இன்றைய ஜார்ஜ் டவுனைச் சுற்றிச் சுவர் கட்டினான். செலவை உள்ளூர்க்காரன் தலையில் வரியாகப் போடப் பார்த்தான். வரி வசூலே ஆகவில்லை. சுவரும் போயிற்று, வண்ணாரப்பேட்டைப் பக்கம் மாடிப் பூங்காவாக ஒரு துண்டுதான் மிச்சம். கொடுக்காத வரிக்குப் பெயர் மட்டும் இருக்கிறது. வ.உ.சி. சாலை என்று மாற்றியாயிற்று, வ.உ.சி.யைவிடப் பெரிய ஆள் யார்? இருந்தும் ஆட்டோக்காரரிடம் வால்டாக்ஸ் என்றால்தான் வண்டி நகரும்.

ஆக, உங்கள் மகன் உளறல் என்று சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை. ஆர்மீனியன் என்ற சொல் நம் ஜனங்கள் நாக்கில் விழுந்து அரண்மனைக்காரனாக எழுந்திருக்கிறது. எந்தச் சுற்றறிக்கையும் இல்லாமல் நடந்த பெயர் மாற்றம் அது. அரண்மனைக்காரன் என்றே எழுதுங்கள். மாமா சொல்கிற காரணத்துக்காக வேண்டாம், அவ்வளவுதான்.

காலடிப்பேட்டை மருமகள்

தபால்காரர் ஐயா சொன்னது எங்கள் ஊருக்கு அப்படியே பொருந்தும். நான் திருவொற்றியூர் காலடிப்பேட்டையில் வாழ்க்கைப்பட்டு இருபத்திரண்டு வருஷம். கல்யாணமான புதிதில் மாமியார் சொன்னார், பெருமாள் காலடி வைத்த இடம், அதனால் காலடிப்பேட்டை என்று. கல்யாண வரதராஜப் பெருமாள் கோயில் எங்கள் தெருவுக்கு அடுத்ததுதான், நானும் நம்பிவிட்டேன்.

பிறகு பையன் ஸ்கூல் ஆண்டுமலரில் படித்தால் வேறு கதை. காலெட் என்று ஒரு கவர்னர், 1717-லிருந்து 1720 வரைக்கும். கம்பெனிக்குத் துணி வேண்டும் என்று நெசவாளர்களைக் கொண்டுவந்து குடிவைத்த ஊர். காலெட் பேட்டை, காலடிப்பேட்டை ஆகிவிட்டது. மாமியாரிடம் வாசித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “அந்த வெள்ளைக்காரனைக் கூட்டிவந்தது யாரு? பெருமாள்தானே” என்றார்.

அதற்கும் கோயிலில் ஒரு கதை வைத்திருக்கிறார்கள். கவர்னரிடம் கணக்கு எழுதிய ஒருவர் காஞ்சிபுரம் வரதராஜரைக் கும்பிட்டுவிட்டுத்தான் வேலைக்கு வருவாராம். அவருக்காகத்தான் காலெட் இங்கே கோயில் கட்டினார் என்பார்கள். எது நடந்ததோ தெரியாது. இப்போது மாமியார் இல்லை. வைகுண்ட ஏகாதசிக்குக் கூட்டத்தில் நிற்கும்போது இரண்டு கதையும் சேர்ந்தேதான் ஞாபகம் வருகிறது.

பலகைக்கு என் ஓட்டும் அரண்மனைக்காரனுக்கு. ஐயா, ஹாமில்டன் பாலத்தை விட்டுவிட்டீர்களே! ஹாமில்டன் அம்பட்டன் வாராவதி ஆகி, அதை யாரோ திரும்ப ஆங்கிலத்துக்குக் கொண்டுபோய் பார்பர்ஸ் பிரிட்ஜ் ஆக்கினார்கள் என்பார்கள். இப்போது அம்பேத்கர் பாலம். அந்தப் பக்கம் பஸ்ஸில் போகும்போதெல்லாம் சிரிப்பு வரும்.

கொடுங்கையூரான்

எல்லோரும் கதை சொல்கிறீர்கள், நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அடிமைப்பட்ட ஊர் என்பதையே மறந்துவிட்டால் எப்படி? ஜார்ஜ் டவுன் என்றால் யார் ஜார்ஜ்? கறுப்பர் பட்டணம் என்று கூப்பிட்டுக்கொண்டிருந்ததை 1911-ல் ராஜா பட்டாபிஷேகத்துக்காக மாற்றினார்கள். நம்மைக் கறுப்பன் என்று எழுதியதை அழித்து அவன் ராஜா பெயரை எழுதினான். இரண்டுமே அவன் இஷ்டம். நாம் மாற்றினால் மட்டும் கேலியா?

வெள்ளைக்காரன் என்றாலே வேண்டாம் என்று நானும் சொல்லவில்லை. கால்டுவெல், போப், வீரமாமுனிவர் சிலைகளை 1968 உலகத் தமிழ் மாநாட்டில் நாம்தான் மெரினாவில் வைத்தோம். அவர்கள் தமிழுக்கு வேலை செய்தார்கள். ஆர்மீனியன் இந்த ஊருக்கு என்ன செய்தான்? அதைச் சொல்லுங்கள்.

ஓய்வுபெற்ற தபால்காரன்

நியாயமான கேள்வி. ஜார்ஜ் டவுன் விஷயத்தில் நீங்கள் சொன்னது முழுக்க சரி, நான் அதை விட்டுவிட்டேன். அந்தக் கறுப்பர் பட்டணமே இரண்டாவது. முதலாவது கோட்டைக்கு ஒட்டி இருந்தது. பிரெஞ்சுக்காரன் மறைந்து நின்று சுட்டான் என்பதால் வெள்ளைக்காரன் அந்த வீடுகளை எல்லாம் இடித்து வெறும் மைதானமாக்கினான். பிறகு அங்கே ஹைகோர்ட் வந்தது. திரும்ப அங்கே வீடு கட்டக்கூடாது என்று எல்லைக் கற்கள் நட்டார்கள், மொத்தம் 13. ஒன்று இன்னும் பாரிமுனை டேர் ஹவுஸில் இருக்கிறது. கடைக்காரத் தம்பி, உங்கள் கடையிலிருந்து நடக்கிற தூரம்தான். மகனை அனுப்புங்கள், மாமாவையும் கூட.

ஆர்மீனியர்கள் ஆள வந்தவர்கள் இல்லை, வியாபாரிகள். சர்ச் 1772-ல் கட்டியது. உலகத்திலேயே முதல் ஆர்மீனிய மொழிப் பத்திரிகை 1794-ல் அச்சானது இந்த மதராசில்தான், அவர்கள் ஊரில் இல்லை. பைண்டிங் கடைக்காரருக்கு இது தெரிந்திருக்க வேண்டும். பெத்ருஸ் உஸ்கான் என்று ஒரு ஆர்மீனிய வியாபாரி 1726-ல் தன் கைக்காசில் சைதாப்பேட்டையில் அடையாற்றுக்கு மேல் பாலம் கட்டினார். பரங்கிமலைக்குப் படிக்கட்டும் அவர்தான். பாலத்தின் பெயர் மர்மலாங் பாலம். மாம்பலம் என்பதைத்தான் அப்படிச் சொல்லியிருக்கிறார்கள். பார்த்தீர்களா, அவர்கள் நாக்கிலும் நம் பெயர் விழுந்து எழுந்திருக்கிறது.

பழைய பாலம் போய்ப் புதுசு வந்துவிட்டது. இப்போது அது மறைமலையடிகள் பாலம். வேதாசலம் என்ற தன் பெயரையே வடமொழி என்று மாற்றிக்கொண்டவர், தனித்தமிழ் இயக்கத்தின் தலைவர். ஆர்மீனியன் கட்டிய இடத்தில் அவர் பெயர். நான் கடைசியாகப் பார்த்தபோது உஸ்கான் வைத்த கல் சாலையோரம் தூசி படிந்து நின்றது. பஸ்ஸில் போகிறவர்கள் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

பெரும்பாக்கம் எட்டாவது மாடி

அண்ணன்மார்களே, படித்துக்கொண்டே வந்தேன். நாங்கள் கூவம் கரையில் இருந்தவர்கள். நான் பிறந்தது, என் அம்மா பிறந்தது எல்லாம் அங்கேதான். 2015 வெள்ளத்துக்குப் பிறகு இங்கே கொண்டுவந்துவிட்டார்கள். பேசுகிற பேச்சைக் கேட்டாலே இது மெட்ராஸ்காரி என்று தெரியும். பேஜாரு, துட்டு, கலீஜு எல்லாம் எங்கள் வீட்டுப் பேச்சு. சினிமாவில் ரவுடிக்கும் காமெடியனுக்கும்தான் அந்தப் பேச்சை வைப்பார்கள்.

எங்கள் பழைய இடத்துக்கு ஒரு பெயர் இருந்தது, எந்தப் பலகையிலும் இல்லை. பாலத்துக்குக் கீழே முனியப்பன் சந்து என்போம். தபால்காரர் சரியாக வந்து கொடுப்பார், இந்த ஐயா இல்லை, வேறொருவர். இங்கே பிளாக் நம்பர், மாடி, கதவு நம்பர். டெலிவரிப் பையன் போன் பண்ணி “எந்த பிளாக்கா?” என்பான். சொன்னாலும் வேறு பிளாக்கில் ஏறி இறங்குவான், லிஃப்ட் ஓடாத நாளில் என்னைத் திட்டுவான். எங்கள் பிளாக்கில் ஆயா ஒருத்தி கீழே இட்லிக் கடை போட்டிருக்கிறார். இப்போது எல்லோரும் “இட்லி ஆயா பிளாக்” என்றுதான் சொல்கிறோம். ஆட்டோக்காரருக்குத் தெரிந்துவிட்டது. மேப்பில் ஏற்ற முடியுமா என்று என் பொண்ணு போனை நோண்டிக்கொண்டிருக்கிறாள்.

பலகையில் ஜனங்கள் சொல்வதைப் போடுங்கண்ணா.

பைண்டிங் கடை

எல்லோருக்கும் நன்றி. இந்தத் தொடரை அப்படியே அச்செடுத்து மாமா வீட்டுக்குப் போனேன். அவர் கண்ணாடி போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்தார். மறைமலையடிகள் பாலம் வந்த இடத்தில் நிறுத்தி, “அந்தக் கல் எங்கே இருக்கிறதாம்?” என்று கேட்டார். நேற்று சாயங்காலம் என் மகனின் வண்டியில் பின்னால் உட்கார்ந்து இருவரும் சைதாப்பேட்டை போயிருக்கிறார்கள். கல்லைப் பார்த்தார்களா, டீ குடித்துவிட்டு வந்துவிட்டார்களா என்று இரண்டு பேரும் சொல்லவில்லை. இன்று மத்தியானம் மாமா கல்லாவில் உட்கார்ந்தார்.

பலகையில் தமிழில் ‘அரண்மனைக்காரன் தெரு, சென்னை 600001’. கீழே ஆங்கிலத்தில் ஆர்மீனியன் ஸ்டிரீட். தாத்தாவின் தகரப் பலகையை உள்ளே பசை வாளிக்கு மேலே மாட்டிவிட்டேன்.

டிசைன் பையன் மாதிரி அனுப்பியிருக்கிறான். ‘அரண்மணைக்காரன்’ என்று இருக்கிறது, மூன்று சுழி ண. மாமாதான் கண்டுபிடித்தார். அவனுக்குப் போன் போட்டுத் தமிழ் இலக்கணம் எடுத்துக்கொண்டிருக்கிறார், அரை மணி நேரமாக.